மகள் சொன்னபடி, தினம் ஒன்று

பஸ்ஸில் பக்கத்து சீட்டில் யார் உட்கார்ந்தாலும் ஐந்தே நிமிஷத்தில் அம்மா சொல்லிவிடுவாள்: "எம் மவ கோவில்பட்டியில இருக்கா. அமெரிக்காக்காரன் சீக்குக்கெல்லாம் நம்பர் போடுதா." கேட்டவர்கள் லாட்டரிச் சீட்டு சம்பந்தப்பட்ட ஏதோ என்று நினைத்துக்கொண்டு ஜன்னல் பக்கம் திரும்பிவிடுவார்கள். எனக்கு மானம் போகும். ஆனால் அம்மா சொன்னதில் தப்பு ஒன்றும் இல்லை. வேலை அதுதான்.

இரண்டாயிரத்துக்குப் பிறகு வந்த வருஷங்கள் அவை. எட்டயபுரம் ரோட்டில் ஒரு தீப்பெட்டி ஆபீஸ் முதலாளியின் கட்டடம். தீப்பெட்டி செய்கிற இடத்தை எங்கள் பக்கத்தில் ஆபீஸ் என்றுதான் சொல்வோம். கீழே பண்டல் அடுக்கிய குடோன், மாடியில் எங்களுடைய பதினான்கு கம்ப்யூட்டர்கள். அமெரிக்காவில் ஓர் ஆஸ்பத்திரிக்கு நோயாளி வந்து போனால், டாக்டர் எழுதிய குறிப்புகள் முழுவதும் எங்களுக்கு வரும். அதை சார்ட் என்போம். அதைப் படித்து, என்ன நோய், எதனால் வந்தது என்று பார்த்து, ஒவ்வொன்றுக்கும் ஒரு தடித்த புத்தகத்தில் இருக்கிற எண்ணைப் போடவேண்டும். மெடிக்கல் கோடிங் என்று பெயர். நான் விலங்கியல் படித்தவள். எலும்பும் நரம்பும் ஏற்கெனவே மனப்பாடம் என்பதால் சுலபமாக வேலை கிடைத்துவிட்டது.

ரத்தம் உறையாமல் இருக்கக் கொடுக்கிற மாத்திரையால் கோளாறு வந்த சார்ட் எது வந்தாலும் அது நேரே என் மேஜைக்கு வரும். காரணம், எங்கள் அப்பாவுக்கும் அதே மாத்திரைதான். நான் கல்லூரியில் படிக்கும்போது அவருக்கு இருதயத்தில் ஒரு வால்வு கெட்டுப்போய், மதுரையில் ஆபரேஷன் செய்து செயற்கை வால்வு வைத்தார்கள். அந்த வால்வில் ரத்தம் கட்டி ஒட்டாமல் இருக்க ஆயுள் முழுக்கத் தினம் ஒரு மாத்திரை. குறைந்தால் கட்டி பிடித்து மூளைக்குப் போய் வாதம் வரும். கூடினால் எங்கேயாவது ரத்தம் வர ஆரம்பித்து நிற்காது. அதனால் மாதம் ஒரு தடவை கோவில்பட்டிக்கு வந்து ரத்தம் கொடுத்து, ரத்தம் உறைய எவ்வளவு தாமதமாகிறது என்கிற அளவு மூன்றுக்குப் பக்கத்தில் இருக்கிறதா என்று பார்த்துக்கொண்டு போகவேண்டும். நாலு வருஷமாக மூன்றைச் சுற்றியே இருந்தது.

அந்த மாத்திரையால் ரத்தம் வந்து ஒருவர் ஆஸ்பத்திரியில் சேர்ந்தால் எங்கள் புத்தகத்தில் இரண்டு வழிகள் உண்டு. டாக்டர் சொன்ன அளவில், சொன்னபடி சாப்பிட்டும் ரத்தம் வந்தது என்றால் அது பக்கவிளைவு. ரத்தப்போக்கின் எண்ணை முதலில் போட்டுவிட்டு, பின்னால் E934.2 என்று காரணத்தைப் போடவேண்டும். அளவு தவறி, கூடுதலாகச் சாப்பிட்டு ரத்தம் வந்தது என்றால் அது விஷம். வேண்டுமென்று சாப்பிட்டாரா, தெரியாமல் சாப்பிட்டாரா என்பதற்குத் தனி எண் உண்டு. ஆனால் முதலில் நிற்பது விஷத்தின் எண், 964.2. புதிதாக வருகிற பிள்ளைகள் இதில்தான் தடுமாறுவார்கள். "அக்கா, பாவம் வயசான பாட்டி, தெரியாம ரெண்டு மாத்திரை போட்டிருக்கு. அதைப் போய் விஷம்னு போடச் சொல்லுதீங்களே?" என்று கேட்பார்கள். நான் விடமாட்டேன். "பாவம் பாக்கதுக்கா சம்பளம்? எப்படிச் சாப்பிட்டாங்கன்னு சார்ட்ல பாரு. அதுக்கு உள்ள நம்பரைப் போடு. சார்ட்ல இல்லாததை நீயா சேக்காத" என்று பொரிந்து தள்ளுவேன். எனக்கு அப்போது கொஞ்சம் திமிர் அதிகம்.

பாதி சார்ட்டுகளில் ஒரே மாதிரி ஒரு வரி இருக்கும். நோயாளிக்கு எழுபது எண்பது வயது இருக்கும், பேச முடியாத நிலை. டாக்டர், 'மகள் சொன்னபடி, மருந்தைத் தவறாமல் உரிய அளவில் எடுத்துவருகிறார்' என்று எழுதியிருப்பார். அந்த வரி கண்ணில் பட்டதும் எனக்கு வேலை முடிந்துவிடும். பக்கவிளைவு, E934.2, அடுத்த சார்ட்.

வீட்டில் இந்த மாத்திரைக்கு ஒரு சட்டம் போட்டிருந்தேன். போட்டது நான்தான். ஆபரேஷன் முடிந்து வந்த புதிதில் அப்பா மாத்திரையைப் போட்டோமா இல்லையா என்று அடிக்கடி குழம்பினார். எங்கள் வீட்டு முன்னறையில் உரக்கடையில் கொடுத்த தினசரிக் காலண்டர் தொங்கும். எல்லார் வீட்டிலும் காலையில் தாளைக் கிழிப்பார்கள். நம் வீட்டில் மாத்திரை போட்ட பிறகுதான் கிழிக்கவேண்டும் என்றேன். தாள் கிழித்திருந்தால் மாத்திரை போட்டாயிற்று, கிழிக்கவில்லை என்றால் போடவில்லை. யார் கொடுத்தாலும் சரி, யார் போட்டாலும் சரி. அப்பா காட்டிலிருந்து வந்து கை கால் கழுவி, விளக்கு வைக்கிற நேரத்தில், அடுப்படிக்கு வெளியே மாடத்தில் இருக்கிற மாத்திரை டின்னிலிருந்து ஒரு மாத்திரையை எடுத்துப் போட்டுத் தாளைக் கிழிப்பார். என்றாவது அசந்துவிட்டால், சாப்பாட்டுக்குப் பிறகு பிரஷர் மாத்திரை கொடுக்கிற அம்மா முன்னறைக்குப் போய்க் காலண்டரைப் பார்ப்பாள். தாள் அப்படியே இருந்தால் அதையும் சேர்த்துக் கொடுத்துவிட்டு அவள் கிழிப்பாள்.

சும்மா சொல்லக் கூடாது, நாலு வருஷம் அருமையாக நடந்தது. சாயங்காலத்துக்கு மேல் வீட்டுக்கு வருகிறவர்கள்தான், "ஒங்க வீட்டுல மட்டும் நாளைக்கு இன்னைக்கே வந்துருதே" என்று கேலி செய்வார்கள். ஆபீஸில் இந்த ஏற்பாட்டைப் பற்றி நான் பீற்றிக்கொள்ளாத நாள் இல்லை.

அந்த வருஷம் தை பிறக்கும் முன் கட்டடத்து முதலாளி மாடியில் இருந்த எல்லாருக்கும் காலண்டர் கொடுத்தார். பெரிய முருகன் படம். தேதி உள்ளங்கை அகலம். ராகுகாலம், எமகண்டம் எல்லாம் கண்ணாடி போடாமல் படிக்கலாம். அம்மா ரொம்ப நாளாகப் புலம்பிக்கொண்டிருந்தாள், உரக்கடைக் காலண்டரில் எழுத்து எறும்பு மாதிரி ஊருகிறது என்று. பொங்கலுக்கு ஊருக்குப் போனபோது அதைச் சுருட்டி எடுத்துப்போய் அடுப்படியில், அஞ்சறைப் பெட்டிக்கு மேலே, நானே ஆணி அடித்து மாட்டினேன். அன்றைய தேதிக்கு முந்தின தாள்களை எல்லாம் நானே கிழித்தேன். "இப்பத்தான் எனக்குக் கண்ணு தெரியுது" என்றாள் அம்மா. அப்போது டின்னில் மாத்திரை சுத்தமாகத் தீர்ந்திருந்தது. கோவில்பட்டியிலிருந்து வாங்கி வந்திருந்த முப்பது மாத்திரைகளை டின்னில் போட்டுவிட்டு, மாட்டுப் பொங்கல் முடிந்து புறப்பட்டேன்.

பத்து நாள் கழித்து அம்மா போனில் சொன்னாள்.

"ஒங்க அப்பாவுக்கு இப்பல்லாம் ஞாபகமே நிக்க மாட்டேங்குது, ஏட்டி. ரத்த மாத்திரைய ஒரு நாளும் அவியளா போடுததே இல்ல. தெனமும் நாந்தான் குடுக்கேன்."

"வயசாகுதுல்லம்மா. நீயே குடுத்துரு. அவங்களை நம்பாத" என்றேன்.

அப்புறம் நாலு நாளில் இன்னொரு போன். மாத்திரை தீர்ந்துவிட்டதாம். மத்தியானச் சாப்பாட்டு நேரத்தில் பஸ் ஸ்டாண்டுக்கு ஓடி, முப்பது மாத்திரை வாங்கி, கவரில் போட்டு, எங்கள் ஊர் வழியாகப் போகிற நாகலாபுரம் பஸ் கண்டக்டர் அண்ணாச்சியிடம் கொடுத்துவிட்டு, சாப்பிடாமல் மேஜைக்குத் திரும்பினேன். முப்பது நாள் மாத்திரை எப்படி அரை மாதத்தில் தீரும் என்று எனக்குத் தோன்றவில்லை. இதே விஷயம் ஒரு சார்ட்டில் இருந்திருந்தால், மாத்திரையைச் சீக்கிரம் வாங்கியிருக்கிறார்களே என்று சிவப்புக் கோடு போட்டு மேலே அனுப்பியிருப்பேன். பெற்ற அப்பன் விஷயத்தில் கண் அவிந்துபோயிற்று.

ரத்தம் சோதிக்கிற நாளும் வந்தது. அப்பா வரவில்லை. காட்டில் கொத்தமல்லிச் செடி பிடுங்குகிற நேரம். ஆள் கிடைப்பதே குதிரைக்கொம்பாக இருக்கிறது, பிடுங்கிப் போட்டுவிட்டு வருகிறேன் என்றார். காலையில் பல் தேய்க்கும்போது ஈறில் ரத்தம் வந்திருக்கிறது. வேப்பங்குச்சி குத்திவிட்டது என்று குச்சியை மாற்றியிருக்கிறார். முழங்கைக்கு மேலே நாவல்பழ நிறத்தில் ஒரு கன்றல். மூட்டை இடித்தது என்றிருக்கிறார். எல்லாவற்றுக்கும் அவரிடம் ஒரு காரணம் இருந்தது.

ஒரு நாள் காலை பதினோரு மணி இருக்கும். பின் சந்தில் கடலைமிட்டாய்க்குப் பாகு காய்ச்சுகிற வாசனை மாடிக்கு ஏறுகிற நேரம். போன் அடித்தது. அம்மா பேசவில்லை, அலறினாள்.

"ஏட்டி, அப்பாவுக்கு மூக்குல ரத்தம் கொட்டுதுட்டி! துண்டெல்லாம் நனைஞ்சிட்டு, நிக்கவே மாட்டேங்கு. மல்லி ஏத்துத வண்டியில படுக்க வச்சுக் கூட்டிட்டு வாரோம். நீ ஆஸ்பத்திரி வாசல்ல நில்லு!"

ஒன்றே முக்கால் மணி நேரம் அந்த ஆஸ்பத்திரி வாசலில் நின்றேன். வண்டி வந்தபோது அப்பாவின் சட்டை, வேட்டி, அடியில் விரித்திருந்த சாக்கு எல்லாம் ரத்தம். மேலெல்லாம் பச்சை மல்லி வாடை. என்னைப் பார்த்ததும், "ஒண்ணுமில்ல தாயி, சூடு" என்றார். அதைச் சொல்லும்போதே வாயிலிருந்தும் ரத்தம் வந்தது.

மூக்கில் பஞ்சை அடைத்து, ரத்தம் எடுத்துப் பார்த்தார்கள். மூன்றில் இருக்கவேண்டியது எட்டைத் தாண்டியிருந்தது. ஊசி போட்டார்கள். திருநெல்வேலியிலிருந்து பிளாஸ்மா பை வந்தது. டாக்டர் நடுவயதுக்காரர், நிதானமான மனுஷர். அப்பாவின் கட்டிலுக்குப் பக்கத்தில் நின்று கேட்டார்: "என்ன அளவு சாப்பிடுறார்?"

நான் முந்திக்கொண்டேன். "தெனம் ஒண்ணு சார். நாலு வருஷமா அதே அளவுதான். வலி மாத்திரை கிடையாது. ஆன்டிபயாட்டிக் கிடையாது. நாட்டு மருந்தும் கிடையாது. கீரை எப்பவும் போலத்தான்."

டாக்டர் என்னை ஏற இறங்கப் பார்த்தார். "நர்ஸாம்மா?"

"இல்ல சார். மெடிக்கல் கோடிங்."

"ஒரு நாள்கூட விட்டதில்ல டாக்டர்" என்றாள் அம்மா. "நானே எங்கையால குடுக்கேன்."

அப்பா பஞ்சு அடைத்த மூக்கோடு தலையைத் தூக்கினார். "இவ எங்க குடுக்கா? நானே எடுத்துப் போட்டுக்கிடுதேன்."

"ஆமா, போட்டீய! நான் இல்லன்னா மாத்திரை டின்னு எங்க இருக்குன்னுகூடத் தெரியாது."

"எனக்கா தெரியாது?"

வார்டில் எல்லாரும் சிரித்தார்கள். டாக்டர் சிரித்தார். நானும் சிரித்தேன். முப்பது வருஷமாக இந்த இரண்டு பேரும் எதற்கெடுத்தாலும் நான்தான், நான்தான் என்று சண்டை போடுகிறவர்கள். ஊர்ப் பிள்ளையார் கோவிலுக்கு மணி வாங்கிக் கொடுத்தது யார் யோசனை என்பதில்கூட இன்னும் தீர்ப்பு வரவில்லை. இதையும் அந்தக் கணக்கில் சேர்த்துவிட்டேன். டாக்டர் கேஸ் ஷீட்டில் எழுதுவதை எதிர்ப்பக்கத்திலிருந்து தலைகீழாகவே படித்தேன். டாக்டர் கையெழுத்தைப் படிக்கிறதுதானே என் பிழைப்பு. 'மகள் சொன்னபடி, தினம் ஒன்று, தவறாமல்' என்று ஆங்கிலத்தில் எழுதியிருந்தார். பெருமையாக இருந்தது. வேறென்ன சொல்ல.

மூன்றாம் நாள் ரத்தம் நின்று, அளவும் இறங்கிவிட்டது. டாக்டர் என்னைத் தனியாகக் கூப்பிட்டு, "நாலு வருஷமா ஒண்ணுல சரியா இருந்த மனுஷனுக்கு இப்ப ஏன் ஏறுச்சுன்னு புரியல. வயசாக ஆக ஈரல் வேலை குறையும். ஒண்ணு தாங்கலைன்னு வச்சுக்குவோம். நாளைக்கு வீட்டுக்குப் போகலாம். நாளையிலேர்ந்து தினம் அரை மாத்திரை" என்றார். சரி என்று தலையாட்டினேன். மனசுக்குள் எண்கூடப் போட்டுவிட்டேன். மூக்கில் ரத்தம், அதற்குப் பின்னால் E934.2.

மறுநாள் வீட்டுக்குப் போக அப்பாவுக்கு நல்ல வேட்டி சட்டை வேண்டும். வந்த துணியெல்லாம் ரத்தம். அம்மாவைக் கட்டில் பக்கத்தில் விட்டுவிட்டு நான் காலை முதல் பஸ்ஸில் ஊருக்குப் போனேன். மழை பெய்து ஒரு மாதம் ஆகியிருந்தது. கரிசல் கால் நுழைகிற அளவுக்கு வெடித்துக் கிடந்தது. மல்லி பிடுங்கிப் போட்டது போட்டபடி களத்தில் கிடந்தது. பக்கத்து வீட்டுக்காரர்கள் சாக்கைப் போட்டு மூடியிருந்தார்கள்.

கதவைத் திறந்து நேரே அடுப்படிக்குப் போய்ப் பானையில் தண்ணீர் மொண்டு குடித்தேன். எதிரே முருகன் காலண்டர். அப்பாவை வண்டியில் ஏற்றிய நாளின் தேதியில் நின்றது. முந்தின நாள் வரைக்கும் அம்மா ஒழுங்காகக் கிழித்திருக்கிறாள், அதாவது மாத்திரை கொடுத்திருக்கிறாள். நல்லது என்று நினைத்துக்கொண்டு, துணி எடுக்க முன்னறைக்கு வந்தேன். பீரோவுக்குப் பக்கத்தில் உரக்கடைக் காலண்டர். அதுவும் அதே தேதியில் நின்றது.

இரண்டு காலண்டரும் ஒரே தேதியைக் காட்டுவதில் என்ன இருக்கிறது? காலண்டர் என்றால் அப்படித்தானே இருக்கும்? வேட்டியை எடுத்து மடித்துப் பையில் வைத்தேன். சட்டையை எடுத்தேன். அப்புறம்தான் எனக்கு உறைத்தது. எங்கள் வீட்டில் தாளைச் சும்மா கிழிக்க மாட்டார்கள். மாத்திரை போட்டால்தான் கிழிப்பார்கள்.

அப்பா அடுப்படிக்குள் நுழைந்து நான் பார்த்ததில்லை. விளக்கு வைக்கிற நேரத்தில் எப்போதும்போல ஒரு மாத்திரையைப் போட்டு முன்னறைக் காலண்டரைக் கிழித்திருக்கிறார். அம்மாவுக்குக் கண்ணுக்கு எதிரே பெரிய எழுத்தில் காலண்டர் கிடைத்த பிறகு, முன்னறைக்குப் போய்ப் பார்க்கிற வேலை மிச்சம். சாப்பாட்டுக்குப் பிறகு அடுப்படிக் காலண்டரைப் பார்ப்பாள். தாள் அப்படியே இருக்கும். அவள் கிழித்தால்தானே கிழியும்? மனுஷன் இன்றைக்கும் மறந்துவிட்டார் என்று, பிரஷர் மாத்திரையோடு சேர்த்து உள்ளங்கையில் கொடுத்திருக்கிறாள். அப்பா கையில் வைத்ததை என்றைக்குக் குனிந்து பார்த்தார்? அப்படியே வாயில் போட்டு ஒரு சொம்புத் தண்ணீர் குடிப்பார்.

டின்னைத் தரையில் கவிழ்த்து எண்ணினேன். பதினான்கு மாத்திரை. பொங்கலன்று முப்பது, கண்டக்டரிடம் கொடுத்துவிட்டது முப்பது. ஆக, போனது நாற்பத்தாறு. பொங்கலிலிருந்து அம்மா என்னைக் கூப்பிட்ட நாளுக்கு முந்தின நாள் வரைக்கும் விரல் விட்டு எண்ணினேன். இருபத்து மூன்று நாள். மறுபடியும் எண்ணினேன். இருபத்து மூன்றுதான்.

அழுகை வரவில்லை, கோபம்தான் வந்தது. யார் மேல் என்று பார்த்தால் சட்டம் போட்டது நான், ஆணி அடித்தது நான். 'நீயே குடுத்துரு, அவங்களை நம்பாத' என்று சொன்னது நான். டாக்டர் கேட்கும் முன்னால் வாயைத் திறந்து தினம் ஒன்று என்று சொன்னதும் இந்த மகாராணிதான். வார்டில் இரண்டு பேரும் உண்மையை அவரவர் வாயாலேயே சொன்னார்கள். நான் பல்லைக் காட்டிக்கொண்டு நின்றேன்.

சத்தமில்லாமல் அடுப்படிக் காலண்டரைக் கழற்றி அடுப்பில் வைத்துவிடலாமா என்றும் ஒரு நிமிஷம் நினைத்தேன். பொய் சொல்வானேன், நினைத்தேன். அம்மாவுக்குத் தெரியவே வேண்டாம். புருஷனுக்கு இருபத்து மூன்று நாள் கூடுதல் மருந்தைக் கொடுத்தவள் என்று அவளிடம் எந்த வாயால் சொல்வது? பருத்திக்குப் பூச்சிமருந்து அடிக்கிற எங்கள் ஊரில் விஷம் என்ற சொல்லுக்கு ஒரே அர்த்தம்தான் உண்டு. அதை யார் வீட்டு வாசலிலும் சத்தமாகச் சொல்ல மாட்டார்கள். ஆனால் அரை மாத்திரை? அப்பாவுக்கு ஒரு மாத்திரை தாங்காமல் ரத்தம் வரவில்லை. இரண்டு போனதால் வந்தது. இன்றையிலிருந்து அரை என்றால், நாலு வருஷம் காத்த அளவில் பாதி. வால்வில் கட்டி பிடித்து, அது மூளைக்குப் போய், வாய் கோணி, ஒரு பக்கம் விழுந்து கிடக்கிற சார்ட்டுகள் எனக்கு எத்தனையோ வந்திருக்கின்றன. அவற்றுக்கும் எண்கள் எனக்கு மனப்பாடம்.

இரண்டு காலண்டரையும் கழற்றிச் சுருட்டி எடுத்துக்கொண்டு பஸ் ஏறினேன். விளாத்திகுளம், எட்டயபுரம் என்று அந்த பஸ் நிற்காத இடமில்லை. ஒவ்வொரு நிறுத்தத்திலும் டிரைவரைத் திட்டினேன், மனசுக்குள்தான்.

ஆஸ்பத்திரியில் டிஸ்சார்ஜ் சீட்டு எழுதி வைத்திருந்தார்கள். நான் நேரே டாக்டர் அறைக்குள் போய் மேஜை மேல் இரண்டையும் விரித்தேன்.

"என்னம்மா, தை முடியப்போகுது. இப்பப் போய்க் காலண்டர் கொண்டுட்டு வர்றீங்க?" என்றார் டாக்டர்.

சொன்னேன். ஆணி அடித்ததிலிருந்து பதினான்கு மாத்திரை வரைக்கும், ஒன்று விடாமல் சொன்னேன். அவர் பேனாவைக் கீழே வைத்துவிட்டு இரண்டு காலண்டரையும் மாற்றி மாற்றிப் பார்த்தார். பிறகு கேஸ் ஷீட்டை வாங்கி, 'மகள் சொன்னபடி' என்று தொடங்குகிற வரியை ஒரு கோட்டால் அடித்துவிட்டு, அதற்குக் கீழே புதிதாக எழுதினார். டிஸ்சார்ஜ் சீட்டில் இருந்த அரையை அடித்து ஒன்று ஆக்கினார்.

"அரையோட அனுப்பியிருந்தா அடுத்த மாசம் வேற மாதிரி கொண்டு வந்திருப்பீங்க" என்றார். "மாத்திரை மேல தப்பே இல்ல."

"தெரியும் சார். அதுக்கு வேற நம்பர்" என்றேன். ஏன் அப்படிச் சொன்னேன் என்று இன்றைக்கும் தெரியவில்லை. சொல்லிவிட்டு அங்கேயே அழுதேன்.

திரும்பினால் அம்மா வாசலில் நிற்கிறாள். எவ்வளவு நேரமாக நிற்கிறாளோ.

"அப்ப நாந்தான் அவியளக் கொல்லப் பாத்தேனாட்டி?" என்றாள்.

"நீ இல்லம்மா. காலண்டரை மாட்டுனது நான்."

"நீ மாட்டுன. குடுத்தது எங்கையில்லா?" தன் வலது கையைத் திருப்பித் திருப்பிப் பார்த்தாள். "அவியளே வந்து கேட்டாக்கூட, இந்தக் கையால இனி ஒரு மாத்திரை குடுக்க மாட்டேன்."

அவளைக் கையைப் பிடித்துக் கூட்டிக்கொண்டு கட்டிலுக்குப் போனேன். அப்பாவுக்கும் தெரிய வேண்டுமே. அவரிடம் நான்தான் சொன்னேன். அப்பா படுத்தபடியே கேட்டார். காலண்டர் இரண்டையும் வாங்கித் தாளைத் தடவினார். எனக்கு ரெண்டு அடி கொடுத்திருந்தால்கூட நிம்மதியாக இருந்திருக்கும். அம்மா சேலைத் தலைப்பை வாயில் வைத்துக்கொண்டு சுவர்ப்பக்கம் திரும்பி நின்றாள்.

"ஏட்டி, இங்கன பாரு" என்று அப்பா அவளைக் கூப்பிட்டார். "இருவத்து மூணு நாளு. நானும் ஒரு நாள் மறக்கல, நீயும் ஒரு நாள் மறக்கல. பெறகு எதுக்கு அழுத?"

அம்மா அதற்குமேல்தான் சத்தம் போட்டு அழுதாள். பக்கத்துக் கட்டில்காரர்கள் என்னவோ ஏதோவென்று எழுந்து வந்துவிட்டார்கள். அன்று சாயங்காலம் வீட்டில் அப்பா மாத்திரை டின்னை எடுத்து அவள் முன்னால் நீட்டிக்கொண்டு நின்றார். ரொம்ப நேரம் நின்றார். கடைசியில் அவள் ஒரு மாத்திரையை எடுத்து, எங்கள் இரண்டு பேருக்கும் காட்டி, எண்ணிச் சொல்லி, அவர் கையில் வைத்தாள். முன்னறையில் உரக்கடைக் காலண்டர் மட்டும் திரும்பத் தொங்கியது. அம்மா அதைக் கண்ணாடி போட்டுக்கொண்டு படிக்கக் கற்றுக்கொண்டாள். முருகன் படத்தை மட்டும் அட்டையோடு வெட்டிச் சாமி மாடத்தில் வைத்துவிட்டு, தாள்களைக் குப்பையில் போட்டேன்.

திங்கட்கிழமை வேலைக்குப் போனேன். மேஜையில் எனக்காக மூன்று சார்ட்டுகள் காத்திருந்தன. முதல் சார்ட்டில் எழுபத்தெட்டு வயதுக் கிழவர், அப்பாவின் அதே மாத்திரை, மூக்கில் ரத்தம். அளவு எட்டுக்கு மேல். நாலாவது வரியில் இருந்தது: மகள் சொன்னபடி, மருந்தைத் தவறாமல் உரிய அளவில் எடுத்துவருகிறார்.

சார்ட்டை முதலிலிருந்து மறுபடியும் படித்தேன். பக்கத்து மேஜைப் பிள்ளை, "என்னக்கா, சந்தேகமா? பக்கவிளைவுதானே?" என்றாள். ஆமாம், சார்ட்டில் இருப்பது அதுதான். இல்லாததைச் சேர்க்க எனக்கு அதிகாரம் கிடையாது. E934.2 என்று அடித்தேன். ஒங்க வீட்டில் எத்தனை காலண்டர் தொங்குகிறது தாயி என்று அந்த மகளிடம் கேட்க எனக்கு வழி இல்லை.